பாலே என்றால் ஏன் ரஷ்யா?

கேள்வி இதுதான்: பாலே இத்தாலிய அரசவைகளில் தோன்றி பிரான்ஸில் வளர்ந்த நடனக் கலை. வகுப்பில் புழங்கும் சொற்கள் இன்றுவரை பிரெஞ்சுதான். அப்படியிருக்க, பாலே என்றதும் எல்லோருக்கும் ரஷ்யா நினைவுக்கு வருவது ஏன்? அந்த மரபு எப்படி உருவானது, இன்னும் உயிரோடு இருக்கிறதா?

ரஷ்யர்களின் உடல்வாகு அப்படி, நீளமான குளிர்காலத்தில் வேறு என்ன பொழுதுபோக்கு என்றெல்லாம் காரணம் சொல்பவர்கள் உண்டு. அதையெல்லாம் ஒதுக்கிவிடலாம். ஒரே வார்த்தையில் பதில் வேண்டுமென்றால் ‘பள்ளிக்கூடம்’ என்பேன். 1738இல் பீட்டர்ஸ்பர்க்கில் தொடங்கி, பெயரும் ஆட்சியும் மாறினாலும் இன்றுவரை நடந்துகொண்டிருக்கும் ஒரு பள்ளிக்கூடம். மற்ற நாடுகளில் பாலேவுக்கு நல்ல காலமும் கெட்ட காலமும் மாறி மாறி வந்தன. ரஷ்யாவில் அது அரசாங்க உத்தியோகம். மோசமான காலத்திலும் சம்பளம் வந்துகொண்டிருந்தது, பிள்ளைகள் சேர்ந்துகொண்டிருந்தார்கள்.

கதை மகா பீட்டர் காலத்தில் ஆரம்பிக்கிறது. 1718இல் அவர் ‘அசெம்பிளி’ என்ற பெயரில் மாலை விருந்துகளை உத்தரவு போட்டு நடத்த வைத்தார். அதுவரை பிரபுக் குடும்பத்துப் பெண்கள் வெளி ஆண்கள் கண்ணில் படாமல் வீட்டின் தனிப்பகுதியில் வளர்ந்தவர்கள். அவர்களும் வர வேண்டும், ஐரோப்பிய உடை உடுத்த வேண்டும், ஆட வேண்டும். ராஜா ஆணை, வேறு வழியில்லை. ஆக, ரஷ்யாவில் மேற்கத்திய நடனம் உள்ளே வந்ததே சர்க்கார் உத்தரவாகத்தான்.

அதற்குப் பிறகு ழான் பாப்திஸ்த் லாந்தே என்ற பிரெஞ்சு நடன ஆசிரியர் வந்தார். ராணுவப் பள்ளியில் பிரபு வீட்டுப் பையன்களுக்கு நடனம் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தவர், மேடைக்கென்றே ஆட்களைத் தயார் செய்ய ஒரு பள்ளி வேண்டும் என்று மகாராணி அன்னா இவானோவ்னாவிடம் விண்ணப்பித்தார். 1738இல் குளிர்கால அரண்மனையிலேயே சில அறைகளை ஒதுக்கிப் பள்ளியைத் தொடங்கினார்கள். மாணவர்கள் 12 பையன்கள், 12 பெண்கள். எல்லோரும் அரண்மனை வேலைக்காரர்களின் பிள்ளைகள்.

வேலைக்காரர்களின் பிள்ளைகள் என்பதைக் கவனியுங்கள். மாஸ்கோவிலும் இதே கதைதான். அங்கே 1773இல் நடன வகுப்பு தொடங்கிய இடம் அரசின் அநாதை இல்லம். இன்று உலகமெல்லாம் அறிந்த போல்ஷோய் பாலேயின் பள்ளி அந்த வகுப்பிலிருந்து முளைத்ததுதான். இன்னொரு பக்கம் பெரிய பண்ணையார்கள். நிலத்தோடு சேர்த்து மனிதர்களையும் சொத்தாக வைத்திருந்த காலம். ஷெரெமெத்யேவ் குடும்பம் மாஸ்கோவுக்கு அருகே குஸ்கோவோ, ஒஸ்தான்கினோ மாளிகைகளில் தங்கள் பண்ணையடிமைகளை வைத்தே பாடகர் குழு, நாட்டியக் குழு எல்லாம் நடத்தியது. அழகான பெண்களுக்கு ரத்தினங்களின் பெயரை மேடைப் பெயராகச் சூட்டினார்கள். முத்து என்ற பொருளில் ஒருத்திக்கு ஜெம்ச்சுகோவா, மாணிக்கம் போன்ற சிவப்புக் கல்லின் பெயரால் இன்னொருத்திக்கு கிரனாத்தோவா. பெயர் ரத்தினம், ஆள் உடைமை. சில பண்ணையார்களின் நடனக் குழுக்கள் பிற்பாடு அரசு அரங்குகளுக்கு அப்படியே விலைக்குப் போயின.

இதில் பெருமைப்பட ஒன்றுமில்லை. ஆனால் பின்னால் வந்த எல்லாவற்றுக்கும் அஸ்திவாரம் இங்கேதான் விழுந்தது. ஏழை வீட்டுப் பிள்ளை ஒன்பது பத்து வயதில் பள்ளி விடுதிக்குள் போகும். சாப்பாடு, துணி, படிப்பு, படுக்கை எல்லாம் ஜார் மன்னரின் செலவு. படிப்பு முடிந்தால் அரசு அரங்கில் வேலை. 20 வருட சேவைக்குப் பிறகு ஓய்வூதியம், அதாவது முப்பத்தாறு வயதுக்கெல்லாம் பென்ஷன். பாரிஸில் ஓர் ஆட்டக்காரிக்கு இந்த நிச்சயம் கிடையாது. அங்கே இளம் நடனக்காரிகளில் பலர் பணக்கார ‘புரவலர்’ ஒருவரை நம்பித்தான் குடும்பம் நடத்தினார்கள். ரஷ்யாவில் அந்தப் பழக்கம் இல்லவே இல்லை என்று சொல்லவில்லை. மத்தில்தா க்ஷெசின்ஸ்கயா பிற்காலத்தில் ஜார் ஆன இரண்டாம் நிக்கோலஸின் காதலியாக இருந்ததை ஊரே அறியும். அவள் கட்டிய மாளிகையின் மாடத்திலிருந்துதான் 1917இல் லெனின் பேசினார், அது வேறு கதை. ஆனால் அடிப்படையில் பாலே ஒரு பிழைப்பு, பாதுகாப்பான பிழைப்பு.

சரி, பிள்ளைகள் கிடைத்தார்கள். சொல்லிக்கொடுக்க ஆள்? அவர்களை நூறு வருடத்துக்கு மேலாக வெளிநாட்டிலிருந்தே தருவித்தார்கள். 1801இல் ஷார்ல் திதெலோ வந்து பள்ளியின் பயிற்சியைக் கண்டிப்பாக ஒழுங்குபடுத்தினார். அவர் காலத்து நட்சத்திரம் அவ்தோத்யா இஸ்தோமினா. கவிஞர் புஷ்கின் தன் ‘யெவ்கெனி ஒனேகின்’ முதல் அத்தியாயத்தில், ஒரு கால் நுனி தரையைத் தொட மறுகாலை மெதுவாகச் சுழற்றும் அவளைப் பாடி வைத்திருக்கிறார். அவள் பொருட்டு 1817இல் நடந்த துப்பாக்கிச் சண்டையில் ஓர் இளைஞன் செத்தே போனான். ரசிகர்கள் அப்போதே அவ்வளவு தீவிரம்.

1837இல் மரி தாலியோனி வந்தார், விரல்நுனியில் நின்று ஆடுவதை வித்தை காட்டலிலிருந்து கவிதையாக மாற்றிய பெயர்பெற்ற ஆட்டக்காரி. ஐந்து பருவங்கள் ஆடிவிட்டு 1842இல் அவர் ஊர் திரும்பியபோது, அவருடைய காலணி ஒன்றை ரசிகர்கள் ஏலத்தில் எடுத்து, சமைத்து, சாஸ் ஊற்றிச் சாப்பிட்டார்கள் என்று ஒரு கதை உண்டு. நடந்ததோ இல்லையோ, பீட்டர்ஸ்பர்க் அதை நம்பத் தயாராக இருந்தது என்பதே போதும். நட்சத்திரத்துக்குப் பாலாபிஷேகம் செய்யும் ஊர்க்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

இதே சமயத்தில் பாரிஸ் மெல்லக் கைவிட்டுக்கொண்டிருந்தது. ஆண்கள் ஆடுவதே அங்கே கேலிப்பொருளாகிவிட்டது. 1870இல் ‘கொப்பேலியா’ அரங்கேறியபோது கதாநாயகன் வேடத்தில் ஆடியதே ஒரு பெண். 1841இல் பாரிஸில் பிறந்த ‘ஜிசெல்’ 1868க்குப் பிறகு அங்கே மேடையிலிருந்தே மறைந்துபோனது. ஆனால் பீட்டர்ஸ்பர்க்குக்கு அது 1842லேயே வந்துவிட்டது, வந்தது போகவில்லை. 1910இல் ரஷ்யர்கள்தான் அதைத் திரும்பப் பாரிஸுக்குக் கொண்டுபோய்க் காட்டினார்கள். இன்று உலகில் எங்கே ‘ஜிசெல்’ பார்த்தாலும் அது பீட்டர்ஸ்பர்க் வழியாக வந்ததுதான்.

பள்ளியில் பல பத்தாண்டுகள் கற்பித்த சுவீடன்காரர் கிறிஸ்தியான் ஜொஹான்சன் சொன்னதாக ஒரு பேச்சு உண்டு: ரஷ்யப் பாணி என்பது பிரெஞ்சுப் பாணிதான், பிரெஞ்சுக்காரர்கள் அதை மறந்துவிட்டார்கள், அவ்வளவே. முழு உண்மை இல்லை என்றாலும் முக்கால் உண்மை.

இப்போது மாரியுஸ் பெத்திப்பா. இவரைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்லியாக வேண்டும், ஏனென்றால் ‘ரஷ்ய பாலே’ என்று நாம் மனக்கண்ணில் பார்ப்பதில் பெரும்பகுதி இந்த ஒரு மனிதரின் கைவேலை. 1818இல் பிரான்ஸின் மார்செய் நகரில் பிறந்தவர். 1847இல் ஆட்டக்காரராகப் பீட்டர்ஸ்பர்க் வந்து, 1910இல் கிரிமியாவில் சாகும்வரை ரஷ்யாவிலேயே வாழ்ந்தார். அறுபது வருடத்துக்கு மேல் வாழ்ந்தும் ரஷ்ய மொழி சரியாக வரவில்லை. ஒத்திகையில் அவர் பேசும் உடைந்த ரஷ்யனைக் கேட்டு ஆட்டக்காரர்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பார்கள். ஆனால் ஒத்திகைக்கு வரும்போது எல்லாம் மனதில் முடிந்திருக்கும். வீட்டில் மேஜைமேல் சதுரங்கக் காய்கள் போன்ற சிறு பொம்மைகளை நகர்த்தி நகர்த்தி, குழு எந்தப் பக்கம் திரும்ப வேண்டும், வரிசை எங்கே பிரிய வேண்டும் என்று குறித்துக்கொண்டுதான் வருவார்.

இசையமைப்பாளருக்கும் அப்படித்தான் பட்டியல் போகும். ‘நட்கிராக்கர்’ பாலேவுக்காகச் சைகோவ்ஸ்கிக்கு அவர் எழுதிக் கொடுத்த குறிப்புகள் இருக்கின்றன. கிறிஸ்துமஸ் மரம் வளர்ந்து பிரம்மாண்டமாகும் இடத்துக்கு, மேலே மேலே ஏறிக்கொண்டே போகும் மாயமான இசை 48 தாளக்கட்டுகள் வேண்டும் என்கிறார். உலகப் புகழ்பெற்ற இசைமேதைக்கு, தையல்காரரிடம் அளவு கொடுப்பதுபோல! சைகோவ்ஸ்கி கோபித்துக்கொள்ளவில்லை. அளவுக்குள் அடங்கும் இசையை எழுதித் தந்தார், அந்த மரம் வளரும் இசையை இன்று கேட்டாலும் உடம்பு சிலிர்க்கும். அதே பாலேவுக்காக, பாரிஸில் புதிதாக வந்திருந்த செலெஸ்தா என்ற மணியோசை வாத்தியத்தைத் தருவித்து, மற்ற ரஷ்ய இசையமைப்பாளர்கள் முந்திக்கொள்ளாமல் ரகசியமாக வைத்திருக்கும்படி தன் பதிப்பாளருக்குக் கடிதம் எழுதினார்.

1890இல் ‘ஸ்லீப்பிங் பியூட்டி’, 1892இல் ‘நட்கிராக்கர்’. இரண்டாவதில் பெத்திப்பா நோயில் விழ, உதவியாளர் லெவ் இவானோவ் நடனங்களை அமைத்தார். ‘ஸ்வான் லேக்’ கதை இன்னும் சுவாரஸ்யம். 1877இல் மாஸ்கோவில் அரங்கேறி, பெரிதாக எடுபடாமல், சில வருடங்களில் மேடையை விட்டுப் போனது. சைகோவ்ஸ்கி 1893இல் இறந்தார். அதற்குப் பிறகு 1895இல்தான் பெத்திப்பாவும் இவானோவும் சேர்ந்து பீட்டர்ஸ்பர்க்கில் அதைப் புதிதாக அமைத்தார்கள். நாம் அறிந்த ‘ஸ்வான் லேக்’ இதுதான், இசையமைத்தவர் கண்ணால் பார்க்காதது. அதிலும் ஏரிக்கரைக் காட்சிகள், கைகோத்துக்கொண்டு நான்கு குட்டி அன்னங்கள் ஆடும் அந்தப் பிரபலமான துணுக்கு உட்பட, இவானோவின் வேலை. புகழெல்லாம் பெத்திப்பாவுக்குப் போய்விட்டது. இவானோவ் இரண்டாம் இடத்திலேயே இருந்து இரண்டாம் இடத்திலேயே செத்தார். எனக்கு அவர்மேல் தனி அனுதாபம் உண்டு.

பெத்திப்பாவின் எந்த ஒரு காட்சியை முதலில் பார்க்க வேண்டும் என்று கேட்டால், 1877இல் வந்த ‘லா பயாதேர்’ பாலேயில் நிழல்களின் உலகம் என்ற காட்சியைச் சொல்வேன். கதை நடப்பது இந்தியாவில். நிக்கியா என்ற கோயில் நடனக்காரி, சொலோர் என்ற வீரன், ராஜா மகள் ஒருத்தி, நிக்கியாவை நச்சுப்பாம்பை ஏவிக் கொல்வது என்று போகும் மசாலாக் கதை. துக்கம் தாங்காமல் சொலோர் அபின் புகைத்து மயங்குகிறான். மேடை இருட்டுகிறது. பின்னால், மலைச்சரிவு போன்ற சாய்தளத்தின் உச்சியில் வெள்ளை உடையில் ஒருத்தி தோன்றுகிறாள். ஒரு காலில் நின்று மறுகாலைப் பின்னால் நீட்டி முன்னால் சாய்கிறாள், நிமிர்ந்து உடம்பைப் பின்னுக்கு வளைத்துக் கைகளை மேலே கொண்டுபோகிறாள், இரண்டடி நடக்கிறாள். அவ்வளவுதான் அசைவு. அவளுக்குப் பின்னால் இன்னொருத்தி அதையே செய்கிறாள். பிறகு இன்னொருத்தி. சரிவில் இறங்கி, வளைந்து, மறுபடி வளைந்து, மேடை நிறைய 32 பேர் வரும்வரை அதே அசைவு, அதே மெட்டு. முதலில் வந்தவள் அதை முப்பது தடவைக்கு மேல் செய்திருப்பாள். சாய்தளத்தில், ஒற்றைக் காலில், முழங்கால் நடுங்காமல். வித்தை எதுவும் இல்லை, குதிப்பு இல்லை, சுழற்சி இல்லை. ஒருத்திக்குக் கால் அரை அங்குலம் தாழ்ந்தாலும் முழுப் படமும் கெட்டுவிடும்.

பள்ளிக்கூடம் என்று முதலில் சொன்னேனே, அதன் அர்த்தம் இங்கே தெரியும். 32 பேருக்கும் கழுத்து ஒரே கோணத்தில் திரும்புகிறது, விரல்கள் ஒரே மாதிரி முடிகின்றன. இரண்டு மாத ஒத்திகையில் வருகிற விஷயமில்லை இது. எல்லோரும் பத்து வயதிலிருந்து ஒரே கூடத்தில், ஒரே பாடத்தைக் கற்றிருந்தால்தான் வரும்.

அந்த பாலேயில் இந்தியாவைத் தேடாதீர்கள், கிடைக்காது. ‘பயாதேர்’ என்பது போர்த்துகீசியச் சொல்லிலிருந்து திரிந்து, கோயில் நடனக்காரிகளை ஐரோப்பியர்கள் குறித்த பெயர். ஆனால் ஒரு மெல்லிய நிஜத் தொடர்பு இருக்கிறது. 1838இல் கடலூர் பக்கத்துத் திருவந்திபுரத்திலிருந்து தேவதாசிகள் ஐந்து பேரும் வாத்தியக்காரர்கள் மூவரும் பாரிஸுக்கு அழைத்துப்போகப்பட்டு அரங்குகளில் ஆடினார்கள். அவர்களில் அம்மணி என்பவளைப் பார்த்து மயங்கி எழுதிக் குவித்தவர் ‘ஜிசெல்’ கதையை எழுதியவர்களில் ஒருவரான தெயோஃபில் கோத்தியே. இருபது வருடம் கழித்து அதே கோத்தியே ‘சகுந்தலா’ என்று ஒரு பாலே எழுதினார். அதற்கு நடனம் அமைத்தவர் லூசியன் பெத்திப்பா, நம் மாரியுஸின் அண்ணன்தான். பீட்டர்ஸ்பர்க்கின் நிக்கியா நேராகத் திருவந்திபுரத்திலிருந்து வந்தவள் என்று சொல்ல முடியாது. தூரத்து உறவு என்று சொல்லலாம்.

பெத்திப்பா காலத்தின் கடைசியில் இத்தாலியர்கள் வந்தார்கள், கூடவே உடல் வலிமையும் வேகமும் வந்தன. பியெரினா லெஞ்ஞானி 1893இல் ‘சின்ட்ரெல்லா’வில் ஒரே காலில் நின்று, மறுகாலைச் சாட்டைபோல் வீசி வீசி 32 முறை சுழன்றபோது அரங்கம் எண்ணிக்கொண்டிருந்தது. இரண்டு வருடம் கழித்து ‘ஸ்வான் லேக்’ கறுப்பு அன்னம் காட்சியில் அதையே வைத்தார். ரஷ்யப் பெண்களுக்கு ரோஷம் வந்துவிட்டது. அந்த ரகசியத்தைக் கண்டுபிடித்து, தானும் 32 சுற்றிக் காட்டினாள் முன்னால் சொன்ன க்ஷெசின்ஸ்கயா. என்ரிக்கோ செக்கெத்தி என்ற இன்னொரு இத்தாலியர் பள்ளியிலேயே ஆசிரியராகிவிட்டார். பிரெஞ்சு நளினம், டென்மார்க்கில் பயின்ற ஜொஹான்சன் வழியாக வந்த அந்நாட்டுத் துள்ளல், இத்தாலிய முறுக்கு, இவை மூன்றும் ஒரே கூடத்தில் கலந்ததும் வந்ததுதான் ‘ரஷ்யப் பாணி’.

அடுத்த கட்டம் உங்களுக்கு ஓரளவு தெரிந்திருக்கும், அதனால் சுருக்கமாகவே. கலை நிகழ்ச்சி ஏற்பாட்டாளரான செர்கெய் தியாகிலெவ் 1909இல் ஒரு குழுவைப் பாரிஸுக்குக் கூட்டிப்போனார். ஃபோக்கின் நடனம் அமைத்தார்; பாவ்லோவா, கர்சாவினா, நிஜின்ஸ்கி ஆடினார்கள்; பாக்ஸ்ட் தீட்டிய திரைகளின் நிறத்தைப் பார்த்துப் பாரிஸின் உடை நாகரிகமே மாறியது. 1913 மே 29ஆம் தேதி ஸ்ட்ராவின்ஸ்கி இசையில் ‘ரைட் ஆஃப் ஸ்பிரிங்’ அரங்கேறியபோது பார்வையாளர்கள் கூச்சல் போட்டதில் ஆடுபவர்களுக்கு இசையே கேட்கவில்லை. பலர் மறக்கும் விஷயம் என்னவென்றால், ‘ரஷ்ய பாலே’ என்றே பெயர் வைத்திருந்த இந்தக் குழு ஒரு தடவைகூட ரஷ்யாவில் நிகழ்ச்சி நடத்தியதில்லை. 1929இல் தியாகிலெவ் வெனிஸில் இறந்ததும் ஆட்கள் சிதறினார்கள். அவர்களில் பாலன்சின் நியூயார்க்கில் அமெரிக்க பாலேயை உருவாக்கினார். நினெத் த வலுவா லண்டனில் தொடங்கிய குழு இன்றைய ராயல் பாலே.

இங்கே இன்னொரு நிஜத் தொடர்பு. தனிக் குழு கட்டிக்கொண்டு ஊர் ஊராகச் சுற்றிய அன்னா பாவ்லோவாவை ருக்மிணி தேவி 1928இல் பம்பாயில் பார்த்தார். பிறகு ஆஸ்திரேலியக் கப்பல் பயணத்தில் பழக்கம் ஏற்பட்டது. பாவ்லோவா தன் குழுவைச் சேர்ந்த கிளியோ நோர்தியை ருக்மிணி தேவிக்கு பாலே கற்றுத்தரச் சொன்னார். கூடவே, உங்கள் நாட்டு நடனத்தைத் தேடிப் பாருங்கள் என்றும் சொல்லி அனுப்பினார். அதற்குப் பின் சதிர் பரதநாட்டியமாகி, கலாக்ஷேத்ரா எழுந்த வரலாறும், அதில் தேவதாசிகள் ஓரங்கட்டப்பட்ட வழக்கும் தனியாகப் பேச வேண்டியவை. பாரிஸ்காரர்கள் அம்மணியைப் பார்த்து வியந்த அதே கலைக்குத்தான் ஒரு பீட்டர்ஸ்பர்க்காரி வழிகாட்டினாள் என்பதை நினைத்தால் எனக்கு எப்போதும் ஒரு சிரிப்பு வரும்.

1917க்கு வருவோம். புரட்சி நடந்த நாட்டில் ஜாருக்குப் பிடித்த பொழுதுபோக்கு எப்படிப் பிழைத்தது? நியாயப்படி மூடியிருக்க வேண்டும். போல்ஷோயை மூடிவிடலாம் என்ற எண்ணம் லெனினுக்கே இருந்தது. கல்வி, கலாச்சாரப் பொறுப்பில் இருந்த லூனச்சார்ஸ்கி வாதாடிக் காப்பாற்றினார். அரங்கில் விறகு இல்லாத குளிரில், மெல்லிய உடையோடு ஆடினார்கள். எத்தனையோ நட்சத்திரங்கள் நாட்டை விட்டுப் போய்விட்டார்கள். அப்படிப் போனவர்களில் ஒருவர், நிக்கோலாய் செர்கேயெவ், பெத்திப்பா பாலேகளின் அசைவுகளைக் குறியீட்டில் எழுதிவைத்த தாள்கள் அடங்கிய பெட்டிகளையும் தூக்கிக்கொண்டு போனார். லண்டனில் ‘ஜிசெல்’, ‘ஸ்வான் லேக்’, ‘ஸ்லீப்பிங் பியூட்டி’ எல்லாம் அந்தப் பெட்டிகளிலிருந்துதான் எழுந்தன. இன்று அவை ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் இருக்கின்றன. 1999இல் பீட்டர்ஸ்பர்க்காரர்களே தங்கள் பழைய ‘ஸ்லீப்பிங் பியூட்டி’யை மீட்டெடுக்க அந்த அமெரிக்கப் பெட்டியைத்தான் பார்க்க வேண்டியிருந்தது.

ஆனால் போகாமல் இருந்த ஒருத்திதான் பள்ளியைக் காப்பாற்றினாள். அக்ரிப்பினா வகானோவா. அப்பா பீட்டர்ஸ்பர்க்கின் அரசு அரங்கான மரின்ஸ்கியில் கதவு திறந்துவிடும் பணியாளர். இவளுக்கு முகவெட்டும் உடல் அமைப்பும் மேடைக்குத் தோதில்லை என்று வருடக்கணக்காகக் குழுவிலேயே நிறுத்தினார்கள். முதல்நிலை ஆட்டக்காரி என்ற பட்டம் கிடைத்தபோது ஓய்வுபெற ஒரு வருடம்தான் பாக்கி. ஒருவேளை அதனால்தானோ என்னவோ, தனக்கு வராததை ஏன் வரவில்லை என்று யோசித்து யோசித்துப் படித்தவள். 1921இல் பள்ளியில் ஆசிரியை ஆனாள். ஒவ்வொரு அசைவிலும் முதுகும் கையும் தலையும் காலுக்கு எப்படி உதவுகின்றன என்று பிரித்துப் பிரித்து வகுத்து, 1934இல் புத்தகமாகவும் எழுதினாள். மரீனா செம்யோனவா, கலீனா உலானவா, நத்தாலியா தூதின்ஸ்கயா என்று மாணவிகள் வரிசையாக வெளியே வந்தார்கள். பள்ளிக்கு 1957இல் அவள் பெயரையே வைத்துவிட்டார்கள்.

அந்தப் பள்ளியின் வகுப்பறைக்குள் ஒரு நிமிடம் எட்டிப் பார்க்கலாம். வகுப்பு தொடங்குமுன் ஒரு மாணவி பூச்செடிக்குத் தண்ணீர் ஊற்றும் வாளியோடு வந்து மரத்தரையில் கோலத்துக்குத் தண்ணீர் தெளிப்பதுபோல் தெளிக்கிறாள், கால் வழுக்காமல் இருக்க. மூலையில் ஒரு பெட்டியில் குங்கிலியம் போன்ற பிசின் கட்டிகள். காலணியின் நுனியை அதில் மிதித்து நொறுக்கித் தேய்த்துக்கொள்வார்கள். ஒத்திகைக் கூடத்தின் தரை பார்வையாளர் பக்கம் சரிவாக இருக்கும், மரின்ஸ்கி மேடை அப்படித்தான் என்பதால். பதிவுசெய்த இசை கிடையாது, பியானோக்காரர் உட்கார்ந்திருப்பார். சுவரோரக் கட்டையைப் பிடித்துக்கொண்டு முதலில் முழங்காலை மடக்கும் பயிற்சி. முதல் வருடப் பிள்ளைகள் மாதக்கணக்கில் கட்டையைப் பார்த்துக்கொண்டு அதையே செய்வார்கள். வகுப்பு முடிந்ததும் ஆசிரியருக்கும் பியானோக்காரருக்கும் வணக்கம். ‘பக்லோன்’ என்று அதற்குப் பெயர். ஏனோதானோ என்று குனிந்துவிட்டுப் போக முடியாது, அதுவும் பாடத்தில் சேர்ந்தது. அடவும் தட்டுக்கழியும் நமஸ்காரமும் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இந்தக் கூடம் அந்நியமாகத் தெரியாது.

சேர்வது லேசில்லை. பத்து வயதுப் பிள்ளையின் இடுப்பு எவ்வளவு திறக்கிறது, பாதத்தின் வளைவு எப்படி, தாளம் பிடிபடுகிறதா என்று பார்ப்பார்கள். தனியாக மருத்துவர்கள் குழு சோதிக்கும். சேர்ந்த பிறகும் எட்டு வருடத்தில் வருடாந்தரத் தேர்வில் பலர் வெளியே அனுப்பப்படுவார்கள். எடை கூடியது, உயரம் சரியாக வளரவில்லை என்பதெல்லாம் காரணம். கலையை ரசிக்கும்போது இதையும் தெரிந்துகொண்டு ரசிப்பதுதான் நேர்மை. பதினான்கு வயதுப் பிள்ளையிடம் உன் எலும்பு சரியில்லை என்று சொல்லி அனுப்பும் இடம் அது.

சோவியத் அரசு பாலேயைக் காப்பாற்றியது, கழுத்தையும் பிடித்தது. 1935இல் ஷோஸ்தகோவிச் இசையில் கூட்டுப்பண்ணையைக் கதையாக வைத்து ‘பிரகாசமான ஓடை’ என்ற பாலே வந்தது. வேடிக்கையான, துள்ளலான படைப்பு. 1936 பிப்ரவரியில் கம்யூனிஸ்ட் கட்சியின் ‘பிராவ்தா’ பத்திரிகை அதைப் போலி பாலே என்று கண்டித்துத் தலையங்கம் எழுதியது. கதையை எழுதியவர்களில் ஒருவரான பியத்ரோவ்ஸ்கி அடுத்த வருடம் ஸ்டாலின் காலக் களையெடுப்பில் சுட்டுக்கொல்லப்பட்டார். போல்ஷோய் நட்சத்திரம் மாயா பிளிசெத்ஸ்கயாவின் தந்தையும் அதே அலையில் 1938இல் கொல்லப்பட்டவர். பின்னாளில் அவள்தான் வெளிநாட்டுத் தலைவர்கள் மாஸ்கோ வந்தால் ‘ஸ்வான் லேக்’ ஆடிக் காட்ட வேண்டும். போர்க்காலத்தில் லெனின்கிராட் (பீட்டர்ஸ்பர்க்கின் அன்றைய பெயர்) முற்றுகை ஆபத்தில் சிக்கியபோது, பள்ளியையும் குழுவையும் உரால் மலைப்பக்கம் பெர்ம் நகருக்கு அனுப்பினார்கள். போர் முடிந்து அவர்கள் திரும்பிய பிறகும் அங்கே ஒரு பாலே பள்ளி முளைத்து இன்றும் நடக்கிறது.

1956இல் போல்ஷோய் முதன்முதலாக லண்டன் போனது. அதன் நட்சத்திரம் உலானவாவுக்கு அப்போது 46 வயது. ஒப்பனையில்லாமல் தெருவில் நடந்தால் பள்ளி ஆசிரியை என்று நினைப்பார்கள். மேடையில் பதினான்கு வயது ஜூலியட்டாக அவள் ஓடிய ஓட்டத்தைப் பற்றி அந்தத் தலைமுறை கடைசிவரை பேசிக்கொண்டிருந்தது. அப்புறம் ஓடிப்போனவர்கள்: 1961இல் பாரிஸ் விமான நிலையத்தில் நூரேயெவ், 1970இல் லண்டனில் மக்காரவா, 1974இல் டொரோன்டோவில் பரீஷ்னிகவ். மூவருமே பீட்டர்ஸ்பர்க் பாலேயில் வளர்ந்தவர்கள். சோறும் சம்பளமும் கிடைத்தது, புதிதாக ஆட மட்டும் எதுவும் கிடைக்கவில்லை என்பதே அவர்களின் பெரிய குறை.

ரஷ்யர்களுக்கு ‘ஸ்வான் லேக்’ என்றால் இன்னொரு அர்த்தமும் உண்டு. பிரெஷ்னெவ் தொடங்கி தலைவர்கள் ஒவ்வொருவராக இறந்தபோது தொலைக்காட்சி வழக்கமான நிகழ்ச்சிகளை நிறுத்திவிட்டு இப்படிப்பட்ட இசையையும் பாலேயையும் காட்டியது. 1991 ஆகஸ்டில் கோர்பச்சேவுக்கு எதிரான ஆட்சிக் கவிழ்ப்பு முயற்சியின்போது திரையில் திரும்பத் திரும்ப அன்னங்கள்தான். செய்தியைக் காணோம், அன்னம் ஆடுகிறது என்றால் எங்கோ ஏதோ நடக்கிறது என்று ஜனங்களுக்குப் புரிந்துவிடும். 2022 மார்ச்சில் தோழ்த் என்ற சுதந்திர தொலைக்காட்சி ஒளிபரப்பை நிறுத்தியபோது கடைசியாகக் காட்டியதும் குட்டி அன்னங்களைத்தான். விளக்கம் எதுவும் தேவைப்படவில்லை.

மரபு பற்றியும் முதலில் ஒரு கேள்வி இருந்தது. சின்னச் சின்னதாக நிறைய இருக்கின்றன. மேடையேறுமுன் வாழ்த்தினால் கண்பட்டுவிடும் என்பதால் ‘ரோமமும் வேண்டாம், இறகும் வேண்டாம்’ என்று வேட்டைக்காரர் வழக்கில் எதிர்மறையாகச் சொல்வார்கள். பதிலுக்கு நன்றி சொல்லக்கூடாது, ‘போ பிசாசிடம்’ என்க வேண்டும். பூங்கொத்தில் பூக்கள் ஒற்றைப்படையில் இருக்க வேண்டும், இரட்டைப்படை சாவுக்கு. போல்ஷோயில் கைதட்டலை ஏவிவிடும் கூட்டம் ஒன்று தலைமுறைகளாக உண்டு. மாஸ்கோவுக்கும் பீட்டர்ஸ்பர்க்குக்கும் ஓயாத போட்டி: மாஸ்கோக்காரர்கள் பெரிய மேடையில் பெரிய உணர்ச்சியோடு ஆடுவார்கள், பீட்டர்ஸ்பர்க்காரர்களுக்குச் சுத்தம்தான் முக்கியம். 1968இல் கிரிகரோவிச் அமைத்த ‘ஸ்பார்ட்டகஸ்’ மாஸ்கோவில்தான் சாத்தியம் என்பார்கள்.

ஆனால் எல்லாவற்றிலும் பெரிய மரபு என்று நான் நினைப்பது ‘காலிலிருந்து காலுக்கு’ என்று அவர்கள் சொல்லும் வழக்கம். ஒரு வேடத்தைப் புத்தகத்திலோ காணொளியிலோ கற்பதில்லை. அதை ஆடி ஓய்ந்தவர் கற்றுத்தருவார். பெரிய ஆட்டக்காரர் ஒவ்வொருவருக்கும் தனி ஆசிரியர் உண்டு. ஒத்திகை அறையில் ஸ்கர்ட்டும் ஸ்வெட்டருமாக நிற்கும் அந்த வயதான அம்மாள் நாற்பது வருடம் முன் அதே வேடத்தை ஆடியவள், அவளுக்குக் கற்றுத்தந்தவள் வகானோவாவின் மாணவி, வகானோவா பெத்திப்பாவின் கீழ் ஆடியவள். நான்கு ஜோடிக் கால்களில் 1890க்குப் போய்விடலாம். இதில் ஒரு சங்கடமும் உண்டு. கால் மறந்தால் அசைவும் மாறும், ஒவ்வொரு தலைமுறையும் கொஞ்சம் கூட்டும், கொஞ்சம் விடும். காலை இன்று காதுவரை தூக்குகிறார்கள். பெத்திப்பா பார்த்தால் சர்க்கஸ் என்றிருப்பார். ஹார்வர்டு பெட்டியை வைத்து மீட்டெடுத்த பழைய வடிவத்தைப் பீட்டர்ஸ்பர்க்கிலேயே பலர் ரசிக்கவில்லை, இதுவா நம் பாலே என்றார்கள்.

இன்னும் உயிரோடு இருக்கிறதா என்பது கடைசிக் கேள்வி. பள்ளி இருக்கிறது, கூட்டம் வருகிறது, டிசம்பரில் ‘நட்கிராக்கர்’ டிக்கெட் கிடைக்காமல் போல்ஷோய் வாசலில் அடிதடி. 2022 உக்ரைன் போருக்குப் பிறகு வெளிநாட்டுப் பயணங்கள் பெரும்பாலும் நின்றன. போல்ஷோயின் முதல்நிலை ஆட்டக்காரி ஓல்கா ஸ்மிர்னோவா ஆம்ஸ்டர்டாம் போய்விட்டார். பழைய குறியீடுகளிலிருந்து பெத்திப்பாவை மீட்டுவந்த ரத்மான்ஸ்கியும் மாஸ்கோவை விட்டுப் போனவர்தான். 2023 கடைசியில் மரின்ஸ்கி, போல்ஷோய் இரண்டும் கெர்கியெவ் என்ற ஒரே நிர்வாகியின் கையில் வந்துவிட்டன. இது நல்லதற்கில்லை என்பது என் கருத்து. ஆனால் கால்கள் ஆம்ஸ்டர்டாமுக்கும் நியூயார்க்குக்கும் போனால் பாடமும் கூடவே போகும், 1917இல் போனதுபோல.

பார்க்க ஆரம்பிப்பவர்களுக்கு ஒரு யோசனை. நேராக ‘ஸ்வான் லேக்’ முழுதும் உட்கார்ந்து பார்த்துக் கொட்டாவி விடாதீர்கள். வகானோவா பள்ளியின் இறுதித் தேர்வுக் காணொளிகள் இணையத்தில் இருக்கின்றன. உடை அலங்காரம் இல்லை, கதை இல்லை, பியானோவும் பதினெட்டு வயதுப் பிள்ளைகளும் மட்டும். அதில் காலைப் பார்க்காமல் கழுத்தைப் பாருங்கள். அப்புறம் நிழல்களின் காட்சியைப் போட்டு, சரிவில் முதலில் இறங்குகிறவளை மட்டும் கடைசிவரை கண்ணை எடுக்காமல் பின்தொடருங்கள்.